ரேயால் பிரீஸ்புவா ஆங்கிலத்தில் பாடிய நாள்

ரேயால் பிரீஸ்புவா எழுதிய பாட்டுகள் அறுபதுக்கு மேல் இருக்கும். வடக்கு ஒன்டாரியோவில் பிரெஞ்சு பேசுகிற எங்களில் யாரைக் கேட்டாலும் ஒன்றைத்தான் சொல்வார்கள். "உன் பக்கம் பனி பெய்யுதா?" என்று மேடையிலிருந்து அவர் கேட்பார். கூட்டம் காலால் தரையை உதைத்துக்கொண்டு "பெய்யுது, பெய்யுது!" என்று கத்தும். கல்யாண விருந்துகளில் கேக் வெட்டியதும் அதைத்தான் கேட்பார்கள். என் மாமா மகளின் கல்யாணத்தில் உதைத்த உதையில் மணப்பெண்ணின் செருப்புக் குதிகாலே கழன்று வந்துவிட்டது.

அது எதைப் பற்றிய பாட்டு என்று இருபது வருடம் யாரும் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை. என் அப்பாவுக்கு மட்டும் தெரியும். அப்பாவின் பெயர் லோரியே. ஆரம்பத்திலிருந்து ரேயாலுக்கு டிரம்ஸ் வாசிப்பவர் அவர்தான். இங்கே நான் எழுதுவதில் பாதி அவர் சொன்னது.

எங்கள் ஊர் சேந்த்-ஒதீல். பதினோராம் நெடுஞ்சாலை ஊரை இரண்டாகப் பிரித்துக்கொண்டு போகிறது. ஒரு பக்கம் மர ஆலை, மறுபக்கம் தேவாலயம். ரேயாலின் அப்பா ஆலையில் மரம் அறுத்தவர். மகன் படிக்கட்டும் என்று சட்பரி நகரத்துக்கு அனுப்பினார். அங்கேதான் அப்பாவும் ரேயாலும் சந்தித்தார்கள். எழுபதுகளின் தொடக்கம். அதுவரை ரேயால் பள்ளி நடனங்களில் ஆங்கில ராக் பாடிக்கொண்டிருந்தார், எல்லோரையும்போல. ஒருநாள் வீட்டுச் சமையலறையில் பேசுகிற பிரெஞ்சிலேயே ஒரு பாட்டு எழுதிக்கொண்டு வந்தார்.

"முதல் தடவை கேட்டப்ப எனக்கு சிரிப்பு வந்துச்சு," என்பார் அப்பா. "எங்கம்மா மைக் பிடிச்சு சண்டை போடற மாதிரி இருந்துச்சு. அப்புறம் சிரிப்பு நின்னுபோச்சு."

கிட்டார், மவுத் ஆர்கன், ஒரு ஃபிடில், டிரம்ஸ். ஹீட்டர் வேலை செய்யாத வேனில் ஊர் ஊராகப் போனார்கள். பள்ளி ஜிம், தேவாலயக் கூடம், ஹாக்கி அரங்கம். ஒரு இசைத்தட்டு வந்தது. அதைக் கேட்டு, ஊரே பிரெஞ்சு பேசுகிற மான்ட்ரியாலிலிருந்து அழைப்பும் வந்தது. ஒரு குளிர்காலம் முழுக்க அங்கே பாடினார்கள். கச்சேரி முடிந்ததும் ஒரு அம்மாள் வந்து ரேயாலின் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்க பிரெஞ்சு ரொம்ப நல்லா இருக்கு தம்பி, எங்க கத்துக்கிட்டீங்க?" என்று கேட்டாராம்.

"எங்கம்மா வயித்துலம்மா," என்றார் ரேயால்.

ஹோட்டலில் அவர் பிரெஞ்சில் காபி கேட்டால், உச்சரிப்பைக் கேட்டுவிட்டு சர்வர் ஆங்கிலத்தில் பதில் சொல்வான். வசந்தத்தில் ஊர் திரும்பிவிட்டார்கள். தோற்றுப்போய் வந்தார்கள் என்று ஊரில் பேச்சு. அப்பா அதை ஒத்துக்கொள்ள மாட்டார். "அங்க கொசு கம்மி. நமக்கு அது ஒத்துக்கலை."

ரேயால் ஆலையில் சேர்ந்தார். வார நாட்களில் பலகை, சனி ஞாயிறில் பாட்டு. இன்னும் இரண்டு இசைத்தட்டுகள் வந்தன. மாரியேலைக் கல்யாணம் செய்துகொண்டார். லீன் பிறந்தாள். லீனுக்கு நான்கு வயதானபோது மாரியேல் குழந்தையோடு தண்டர் பே நகரத்துக்குப் போய்விட்டாள். அங்கே ஆங்கிலம் பேசுகிற ஒருவரோடு புது வாழ்க்கை. சண்டை ஒன்றும் நடக்கவில்லை. பெட்டிகள் வெளியே போகும்போது கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றது ரேயால்தான். அன்று சாயங்காலம் ஒத்திகைக்கும் வந்தார். ஒரு இடத்தில்கூட சுருதி பிசகவில்லை. அதைப் பார்த்துத்தான் அப்பாவுக்குப் பயமாக இருந்ததாம்.

தண்டர் பே வீட்டில் எல்லாம் ஆங்கிலம். ஒரு வருடத்தில் குழந்தைக்கு பிரெஞ்சு மறந்துவிட்டது. கிறிஸ்துமஸுக்கும் பிறந்தநாளுக்கும் ரேயால் போன் செய்வார். அவருக்குத் தெரிந்தது ஆலை ஆங்கிலம். இயந்திரங்களின் பெயர் தெரியும், ஹாக்கி பேசத் தெரியும். ஐந்து வயதுக் குழந்தையிடம் பேசுவதற்கான வார்த்தைகள் அதில் இல்லை. அதனால், அங்கே பனி பெய்கிறதா என்று கேட்பார். பெய்கிறது என்று அவள் சொல்வாள். பிறகு இரண்டு பேரும் சும்மா இருப்பார்கள். அவள் அம்மாவிடம் போனைக் கொடுத்துவிடுவாள். பாட்டு அதிலிருந்து வந்தது. வேகமான தாளத்தில் அமைந்துவிட்டதால் ஜனங்கள் ஆட ஆரம்பித்துவிட்டார்கள்.

எங்களைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். ஒரு மேசையில் நாங்கள் பத்துப் பேர் உட்கார்ந்து பேசிக்கொண்டிருப்போம். ஆங்கிலம் பேசுகிறவர் ஒருவர் வந்து உட்கார்ந்தால் பத்துப் பேரும் ஆங்கிலத்துக்கு மாறிவிடுவோம். வந்தவர் கேட்கவே மாட்டார். அப்பா இதை மரியாதை என்பார். எங்கள் பள்ளி ஆசிரியர் இதை நோய் என்பார். ஆனால் அவரும் மாறுவார். ரேயாலும் மேசையில் மாறுவார், மேடையில் மட்டும் மாறியதில்லை. யார் எதிரில் உட்கார்ந்திருந்தாலும் சிரித்துக்கொண்டே பிரெஞ்சில் தொடர்வார். "மேடையில நான் மரியாதை தெரியாதவன்," என்பார்.

அவர் ஆங்கிலத்தில் பாடிய வருடம், மே மாதம் லீன் போன் செய்தாள். அவளுக்கு இருபத்தாறு வயது, தண்டர் பேயில் நர்ஸ். ஜூனில் நாங்கள் கொண்டாடும் சேன்-ழான் விழாவுக்கு வருவதாகவும், அவர் பாடிக் கேட்க வேண்டும் என்றும் சொன்னாள். அவர் பாடி அவள் நேரில் கேட்டதே இல்லை. ஆலை மூடிய பிறகு ரேயால் பள்ளிப் பேருந்து ஓட்டிக்கொண்டிருந்தார். மறுநாள் பேருந்தை நிறுத்திவிட்டு நேராக எங்கள் கராஜுக்கு ஒத்திகைக்கு வந்தார்.

"இந்த வருஷம் நான் இங்கிலீஷ்ல பேசப்போறேன்," என்றார்.

அப்பா குச்சியைக் கீழே வைத்தார். "யார்கிட்ட?"

"மேடையில."

"ஏன், மகாராணி வர்றாங்களா?"

"லீன் வர்றா."

ஃபிடில் வாசிக்கும் கிஸ்லேன் வில்லுக்கு ரோசின் பிசின் தடவிக்கொண்டிருந்தார். "வரட்டுமேப்பா. வார்த்தை புரியலைன்னா தாளம் புரியும். அவளும் ரெண்டு உதை உதைச்சிட்டுப் போகட்டும்."

"உதைக்கறதுக்கு இல்ல கிஸ்லேன். அந்தப் பாட்டு அவளுக்குப் புரியணும். ஒரே ஒரு தடவை. எனக்கு அவ்வளவு போதும்."

"நாப்பது வருஷமா நாம எதுக்குடா வேன்ல குளிர்ல விறைச்சோம்?" என்றார் அப்பா.

ரேயால் கிட்டாரைத் துணியால் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"டேய், விடு, பாலிஷ் உரிஞ்சிடும்," என்றார் அப்பா. அதற்குச் சம்மதம் என்று அர்த்தம்.

ஒரு மாதம் சமையலறையில் உட்கார்ந்து பாட்டை ஆங்கிலத்தில் எழுதினார் ரேயால். அதைக் கேட்டுவிட்டு அப்பா, வாஷிங் மெஷினோடு வருகிற புத்தகத்தைப் பாடுகிற மாதிரி இருக்கிறது என்றார். ரேயால் சிரித்தார். ஒரு வரியையும் மாற்றவில்லை.

விழா அன்று மதியம் ஹாக்கி அரங்கத்தில் கச்சேரி. கோடையில் அங்கே பனித்தளம் இருக்காது, சிமென்ட் தரையில் நாற்காலி போட்டிருந்தார்கள். சுவரெல்லாம் எங்கள் மக்களின் பச்சை வெள்ளைக் கொடி. கதவைத் திறந்தால் கருப்பு ஈக்கள் உள்ளே வந்தன. லீன் வந்தாள். ரேயாலின் உயரம், அவள் அம்மாவின் முடி. எனக்கு முன் வரிசையில் ஓரமாக உட்கார்ந்தாள். ஐந்து நிமிடத்தில் அரங்கம் முழுக்கத் தெரிந்துவிட்டது. பேக்கரிக்காரர், பாதிரியார், முன்னாள் மேயர் என்று ஒவ்வொருவராக வந்து ஆங்கிலத்தில் வணக்கம் சொன்னார்கள். அவளும் ஆங்கிலத்தில் நன்றி சொன்னாள்.

ரேயால் மேடையேறி ஆங்கிலத்தில் பேசினார். யாரும் முணுமுணுக்கவில்லை. பரிசுக் குலுக்கல் நடத்தியவரும் ஆங்கிலத்துக்கு மாறினார். எனக்குப் பின்னால் ஒரு பாட்டனார் பேரனிடம் பிரெஞ்சில் பேச வாயெடுத்து, லீனைப் பார்த்துவிட்டு, ஆங்கிலத்தில் "மூக்கைத் துடை" என்றார்.

கடைசியில் அந்தப் பாட்டு. கிட்டாரைத் தொடாமல் ரேயால் பேச ஆரம்பித்தார். தன் மகள் சின்ன வயதில் தூரத்துக்குப் போய்விட்டாள், போனில் அவளிடம் கேட்க ஒரு கேள்விதான் தனக்குத் தெரிந்திருந்தது, இது அந்தக் கேள்வி, என்றார். இவ்வளவுதான் சொன்னார். குரல் ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. முந்நூறு பேர் இத்தனை நாள் எதற்குக் காலை உதைத்தோம் என்று அப்போதுதான் தெரிந்துகொண்டார்கள்.

பாடினார். பனி பெய்கிறதா என்று ஆங்கிலத்தில் கேட்டார். யாரும் பதில் சொல்லவில்லை. ஆங்கிலத்தில் எந்த வார்த்தையைச் சொல்வது என்று தெரியவில்லை, சொல்லலாமா என்றும் தெரியவில்லை. அப்பா அந்த இடைவெளியை வெறும் தாளத்தால் கடந்தார். இரண்டாம் முறை ரேயால் கேட்டபோது லீனின் தோள் அசைந்தது. எழுந்திருக்கப் போகிறாள் என்று நினைத்தேன். அவள் கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். முடிந்ததும் கைதட்டல் நீண்ட நேரம் கேட்டது. சத்தமாக இல்லை.

பிறகு கேன்டீன் வரிசையில் அப்பாவுக்கு முன்னால் லீன் நின்றாள். "ஒரு புட்டீன், குழம்பு கொஞ்சமா," என்று பிரெஞ்சில் கேட்டாள்.

அப்பா திகைத்துப்போனார். "நீ பிரெஞ்சு பேசுவியாம்மா?"

"சாயங்கால வகுப்புக்குப் போறேன் அங்கிள், மூணு வருஷமா. நல்லா வராது."

"நல்லாத்தான் வருது. உங்கப்பன்கிட்ட ஏன் சொல்லலை?"

"நேர்ல சொல்லலாம்னு இருந்தேன். அந்த 'பெய்யுது, பெய்யுது' இருக்கில்ல, எல்லாரோடவும் சேர்ந்து கத்தணும்னு கார்ல வழியெல்லாம் கத்திக்கிட்டே வந்தேன்." சீஸும் குழம்பும் ஊற்றிய உருளைக்கிழங்கு வறுவல் தட்டை அவள் வாங்கிக்கொண்டாள். "அவர் எனக்காக அவ்வளவு பாடுபட்டிருக்கார். ஊரே எனக்காக மாறிடுச்சு. நடுவுல எழுந்து, எனக்குப் புரியும்னு எப்படிச் சொல்றது?"

"இப்பப் போய்ச் சொல்லு. போம்மா."

அவள் போனாள். மேடை ஓரத்தில் ரேயால் வயரைச் சுற்றிக்கொண்டிருந்தார். இரண்டு பேரும் பேசுவதை அப்பா தூரத்திலிருந்து பார்த்தார். சந்தோஷத்தில், அவள் வைத்துவிட்டுப் போன புட்டீனையும் சேர்த்துச் சாப்பிட்டார். பக்கத்தில் போனதும்தான் கேட்டது. லீன் ஆங்கிலத்தில் பள்ளிப் பேருந்தைப் பற்றி விசாரித்தாள். ரேயால் ஆங்கிலத்தில், பேருந்து நன்றாக ஓடுகிறது என்றார்.

மறுநாள் காலை நெடுஞ்சாலை ஓர உணவகத்தில் இரண்டு பேரும் சாப்பிடப் போனார்கள். அழைக்காமலே அப்பாவும் போய் உட்கார்ந்துகொண்டார். பரிமாறும் பெண் வந்ததும் லீன் அவளிடம், "ரெண்டு முட்டை, பீன்ஸ், டோஸ்ட் கருகாம," என்று பிரெஞ்சில் சொன்னாள். அப்பா சட்டென்று ரேயாலின் முகத்தைப் பார்த்தார். அதில் ஒன்றும் மாறவில்லை. ரேயாலும் பிரெஞ்சில், "எனக்கும் அதேதான்," என்றார். பிறகு மகள் பக்கம் திரும்பி, திரும்பிப் போகிற வழியில் சாலை வேலை நடக்கிறதா என்று ஆங்கிலத்தில் கேட்டார். நடக்கிறது என்று அவள் ஆங்கிலத்தில் சொன்னாள்.

அப்பா மேசைக்கடியில் அவர் காலை உதைத்தார்.

"கால் பட்டுடுச்சா லோரியே?" என்று பிரெஞ்சில் கேட்டார் ரேயால்.

சாப்பாடு முடியும் வரை அப்படியே நடந்தது. பரிமாறும் பெண்ணிடம் பிரெஞ்சு, அப்பாவிடம் பிரெஞ்சு, தங்களுக்குள் ஆங்கிலம். பரிமாறும் பெண் அதைக் கவனிக்கவே இல்லை. லீன் கிளம்பும்போது கார் கண்ணாடியை இறக்கி, "வரேன் லோரியே அங்கிள்," என்று பிரெஞ்சில் சொன்னாள். ரேயாலிடம், ஊர் போய்ச் சேர்ந்ததும் போன் செய்கிறேன் என்று ஆங்கிலத்தில் சொன்னாள். அவர் தலையாட்டினார்.

கார் போனதும் அப்பா பிடித்துக்கொண்டார். "காதுல விழுந்துச்சாடா உனக்கு?"

"விழுந்துச்சு. நேத்தே விழுந்துச்சு. வந்ததும் கழிப்பறை எங்கன்னு கிஸ்லேன்கிட்ட கேட்டா, பிரெஞ்சுல."

"பாட்டுக்கு முன்னாலயா?"

"முன்னாலதான்."

"அப்புறம் ஏண்டா?"

ரேயால் சாலையைப் பார்த்துக்கொண்டு நின்றார். மரம் ஏற்றிய லாரி ஒன்று போனது. "இருபத்திரண்டு வருஷமா எனக்கு ஒரு பொண்ணு இருக்கா. அவ இங்கிலீஷ்ல பேசறவ. கொஞ்சம்தான் பேசுவா, ஆனா எனக்குத் தெரிஞ்சவ. இந்த இன்னொரு பொண்ணு யாருன்னு எனக்குத் தெரியலடா. அவகிட்ட எங்க ஆரம்பிக்கறது?"

பேருந்து நேரம் சொல்வதுபோல் அதைச் சொன்னார் என்றார் அப்பா.

அரங்கத்திலிருந்த நாற்காலிகளைத் தேவாலயக் கூடத்துக்குத் திருப்பித் தர வேண்டியிருந்தது. இரண்டு பேரும் போய் மடக்கி வண்டியில் ஏற்றினார்கள். அதற்கே மதியமாகிவிட்டது.