நல்ல காரியத்துக்கு வந்த இடத்தில் ‘நோ’ போடக்கூடாது

என்னைப் பெண் பார்க்க வந்தவர்கள், என்னைப் பார்ப்பதற்கு முன்பே என்னை அழித்துவிட்டார்கள். அழித்து முடித்ததும் எல்லாரும் கைதட்டினார்கள். கேசரியும் நன்றாக இருந்தது என்று சொன்னார்கள்.

தொண்ணூறுகளின் தொடக்கம். மலேசியாவில், கிள்ளானில் ஒரு தாமான் குடியிருப்பில் வரிசை வீடு எங்களுடையது. நான் உயர்நிலைப் பள்ளியின் ஐந்தாம் படிவத்தோடு படிப்பை முடித்துவிட்டு சுங்கை வேயில் ஒரு மின்னணுத் தொழிற்சாலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். கம்பெனி பஸ்ஸில் சன்னலோர இடம்தான் பிடிப்பேன். வெளியே பார்ப்பவளிடம் யாரும் பேச மாட்டார்கள் அல்லவா? என் கூச்சம் அந்த அளவுக்கு. பாசாரில் மீன்காரர் எதைக் கையில் எடுத்துக் காட்டுகிறாரோ அதை வாங்கிக்கொண்டு வந்துவிடுவேன். ‘வேணாம்’ என்ற சொல் என் வாயில் வராது. “இன்னிக்கும் அந்த ஆளு விக்காத மீனா?” என்று அம்மா பையைத் திறக்காமலே கேட்பார்.

இப்படிப்பட்ட பெண்ணுக்கு வாயே தேவைப்படாத ஒரு பொழுதுபோக்கு கிடைத்தது. டயர் கடையில் வேலை செய்துகொண்டிருந்த என் தம்பி, கூட வேலை செய்தவரிடமிருந்து ஒரு வீடியோ கேம் பெட்டியையும் சில கேசட்டுகளையும் வாங்கி வந்தான். கார் பந்தயமும் குத்துச்சண்டையும் அவனுக்கு. மீதியாக ஒரு கேசட் இருந்தது. கத்தி வைத்திருக்கும் வீரன் ஊர் ஊராக நடந்து கடைசியில் ஒரு கோட்டைக்குப் போக வேண்டும்.

“இது கேமே இல்லக்கா. படிச்சிக்கிட்டே இருக்கணும். எக்ஸாம் மாதிரி,” என்று என்னிடம் தள்ளிவிட்டான்.

அதற்கு முன் யாரும் எனக்கு அவ்வளவு பொருத்தமான பரிசைக் கொடுத்ததில்லை. தொடக்கத்திலேயே வீரனுக்குப் பெயர் வைக்கச் சொன்னது. நான்கு ஆங்கில எழுத்துக்குத்தான் இடம். என் பெயர் அதைவிட நீளம். முதல் நான்கு எழுத்தை மட்டும் போட்டேன். அந்த நான்கெழுத்துக்காரி என்னைப் போல் இல்லை. எந்த ஊருக்குப் போனாலும் கதவைத் தட்டாமல் எல்லா வீட்டுக்குள்ளும் நுழைவாள். ராஜாவிடம் பேசுவாள், கடைக்காரனிடம் பேசுவாள், கிணற்றடியில் நிற்பவனிடமும் பேசுவாள். விலை பிடிக்கவில்லை என்றால் ‘நோ’ என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிடுவாள். கடைக்காரன் கோபித்துக்கொள்ள மாட்டான். நானும் தொழிற்சாலை வேலை முடிந்து வந்து, தம்பியின் பழைய அகராதியை மடியில் வைத்துக்கொண்டு, அவளோடு நடந்தேன். தீபாவளிக்கு முன் தொடங்கியது. தைப்பூசம் போய், சித்திரையும் போய், கடைசிக் கோட்டையின் வாசலுக்கு வந்துவிட்டோம். உள்ளே போய் ஒரே ஒரு அரக்கனைக் கொல்ல வேண்டும். அவ்வளவுதான் பாக்கி.

அந்தக் கேசட்டில் ஒரே ஒரு ஆட்டத்தைத்தான் சேமித்து வைக்க முடியும். வேறு யாராவது முதலிலிருந்து தொடங்கினால், பழையது போய்விடும். இது வீட்டில் எல்லாருக்கும் தெரியும். பெருக்கும்போது பெட்டியை இடிக்கக்கூடாது என்று அம்மாவுக்குக்கூடச் சொல்லி வைத்திருந்தேன். அம்மாவும் சாமி மேடையைப் பெருக்குவது போல் அதைச் சுற்றித்தான் பெருக்குவார்.

அந்த நேரம் பார்த்துத்தான் அத்தை, அப்பாவின் அக்கா, கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸிலிருந்து ஒரு வரன் கொண்டு வந்தார். மாப்பிள்ளை அரசாங்க அலுவலகத்தில் கிளார்க். குடிக்க மாட்டார், புகைக்க மாட்டார், அம்மா சொல்லைத் தட்ட மாட்டார். அந்த மூன்றாவது குணத்தை அத்தை இரண்டு தடவை சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை மாலை வருவதாக ஏற்பாடு. காலையிலேயே அத்தை வந்து வீட்டைச் சோதனை போட்டார். தொலைக்காட்சிக்குக் கீழே இருந்த பெட்டியைக் கண்டதும் முகம் மாறியது.

“இதை யாரு வெளயாடுறா?”

“அக்காதான்,” என்றான் தம்பி.

“வாயை மூடு. கேட்டா உன்னோடதுன்னு சொல்லு. வயசுப் பொண்ணு பொம்மையை வச்சி வெளயாடுதுன்னு தெரிஞ்சா எவன்டா கட்டுவான்?”

அப்படியாகப் பெட்டி தம்பிக்கு உரிமையானது. எனக்குச் சமையல், கோலம், தையல் ஆகியவை உரிமையாயின. இவற்றில் கோலம் எனக்கு இன்றும் வராது. அம்மா பெட்டியின் மேல் ஒரு பூத்துணியைப் போட்டு மூடினார். மூடியதால்தான் எல்லார் கண்ணும் அதன் மேலேயே போனது.

எப்போதும் நெரிசலில் முனகிக்கொண்டிருக்கும் நெடுஞ்சாலை அன்று பார்த்துக் காலியாக இருந்திருக்கிறது. மாப்பிள்ளை வீட்டார் முன்கூட்டியே வந்து சேர்ந்தார்கள். ராகுகாலம் முடியவில்லை. முடியும் வரைக்கும் பெண்ணைக் கூடத்துக்கு அழைக்கக்கூடாது என்று இரண்டு வீட்டாரும் ஒரே குரலில் சொன்னார்கள். இரண்டு குடும்பமும் முதன்முதலில் ஒத்துப்போன விஷயம் என்னை அடுப்படியில் அடைத்து வைப்பதுதான். நான் புடவையோடு அடுப்படி வாசலில் தொங்கிய மணித்திரைக்குப் பின்னால் நின்றேன். அங்கிருந்து கூடம் தெரியும். கூடத்திலிருந்து நான் தெரிய மாட்டேன்.

கூடத்தில் பேச்சு சீக்கிரம் தீர்ந்துபோனது. மழை வருமா என்று பேசினார்கள். மாப்பிள்ளை தன் முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய அம்மா பூத்துணியைப் பார்த்தார்.

“அதென்ன, மூடி வச்சிருக்கீங்க?”

“அது இவனோடது,” என்றார் அத்தை, தம்பியைக் காட்டி. “வீடியோ கேம். பொண்ணுக்கு இதெல்லாம் தொடக்கூடத் தெரியாது.”

“எங்க பையனும் கூட்டாளி வீட்டுல வெளயாடுவான். சும்மா உக்காந்திருக்கானே, ஒரு ஆட்டம் போட்டுக் குடுப்பா.”

தம்பிக்குத் தூக்கிவாரிப்போட்டது. “இல்ல ஆன்டி, வந்து... கேசட் கொஞ்சம் கெட்டுப்போச்சி.”

“விருந்தாளி கேக்குறாங்கல்ல? போடு லா!” என்றார் அப்பா. என் அப்பா எனக்குத் தெரிந்து எந்த விருந்தாளிக்கும் எதையும் மறுத்ததில்லை. நான் மீன் வாங்கும் விதம் எங்கிருந்து வந்தது என்று இதற்குமேல் விளக்க வேண்டியதில்லை.

தம்பி கார் பந்தயக் கேசட்டைத் தேடினான். கிடைக்கவில்லை. வீட்டை ஒழுங்குபடுத்துகிறேன் என்று அத்தை மற்ற கேசட்டுகளை எல்லாம் ஒரு டப்பாவில் போட்டு எங்கேயோ வைத்துவிட்டார். பெட்டிக்குள் செருகியிருந்தது ஒன்றுதான் மிச்சம். என்னுடையது. அவன் திரைப்பக்கம் பார்த்தான். நான் மணிகளுக்கிடையில் கையை நீட்டி வேண்டாம், வேண்டாம் என்று ஆட்டினேன். அத்தை என் கையைப் பார்த்துவிட்டு, ராகுகாலம் என்று உதட்டை அசைத்தார். கையை உள்ளே இழுத்துக்கொண்டேன்.

“அண்ணே, ‘கன்டினியூ’ன்னு இருக்கும், அதையே அமுக்குங்க,” என்றான் தம்பி.

“அது பாதியில வந்து நிக்கும். எனக்கு ஒண்ணும் புரியாது. முதல்ல இருந்து போறேன்,” என்றார் மாப்பிள்ளை. அன்று அவர் பேசிய முதல் பேச்சு. நியாயமாகத்தான் பேசினார்.

திரை கறுத்தது. நடுவில் என் பெயரின் நான்கு எழுத்து வந்தது. கீழே, இதை அழித்துவிடலாமா என்று ஆங்கிலத்தில் ஒரு வரி. அதற்குக் கீழே யெஸ், நோ. அந்தப் பெட்டியைச் செய்தவர்கள் நல்லவர்கள். அழிப்பதற்கு முன் ஒருமுறை கேட்கிறார்கள்.

மாப்பிள்ளையின் கட்டைவிரல் நின்றுவிட்டது.

“என்னப்பா, நின்னுருச்சி?” என்றார் அவருடைய அம்மா.

“இல்லம்மா, ஒரு பேரு வருது... அதை வந்து...”

“பொண்ணு பேரு மாதிரில்ல இருக்கு!” என்றார் அத்தை. நான்கு எழுத்தைப் படிக்கும் அளவுக்கு அவருக்கு ஆங்கிலம் தெரியும். “தம்பிக்கு அக்கா மேல அவ்வளவு பாசம். அக்கா பேரைத்தான் வச்சிருக்கான்.”

“கீழ என்ன கேக்குது?”

“யெஸ்ஸா நோவான்னு கேக்குதும்மா. ஆனா இது...”

“பொண்ணு பேரைக் காட்டி யெஸ்ஸா நோவான்னா கேக்குது?” அந்த அம்மாள் கன்னத்தில் போட்டுக்கொண்டார். “நல்ல காரியத்துக்கு வந்த இடத்துல நோ போடாதே. வாயால மட்டும் இல்ல, கையாலயும் போடக்கூடாது. யெஸ் போடு.”

“அம்மா, அது என்ன கேக்குதுன்னா...”

“யெஸ் போடுங்க மாப்பிள்ளே!” என்றார் அத்தை. நான் இன்னும் தேநீர்த் தட்டைத் தொடவில்லை, அவர் அதற்குள் மாப்பிள்ளை ஆகிவிட்டார்.

நாங்கள் அரிசி தீர்ந்தால்கூட இல்லை என்று சொல்லாத சாதிசனம். விளக்கை அணை என்று சொல்ல மாட்டோம், குளிர வை என்போம். அப்படிப்பட்ட கூடத்தில், பெண்ணின் பெயருக்கு நேராக ‘நோ’வை அழுத்த எந்த ஆண்மகனுக்குத் துணிச்சல் வரும்? அவர் யெஸ்ஸை அழுத்தினார். பெட்டி ஒரு சின்ன இசையை வாசித்தது. அவருடைய அம்மா, “கெட்டிமேளம் கேட்டுச்சா!” என்றார். கூடம் முழுக்கக் கைதட்டியது. அப்பாவும் தட்டினார். என்ன போனது என்று தெரிந்திருந்தும் தட்டினார்.

“அக்கா கொல்லப் போகுது,” என்று தம்பி தரையைப் பார்த்து முணுமுணுத்தான்.

அதோடு முடியவில்லை. புது வீரனுக்குப் பெயர் கேட்டது. “உன் பேரைப் போடேன்,” என்றார் அந்த அம்மாள். என் பெயர் இருந்த இடத்தில் அவர் பெயர் ஏறியது. மற்ற பெண்களுக்கு இது தாலி கட்டிய பிறகு நடப்பது. எனக்கு ராகுகாலத்திலேயே நடந்தது. முதல் புல்வெளியில், முதல் வௌவாலிடம் அவர் செத்துப்போனார். மறுபடி எழுந்து மறுபடி செத்தார். ராகுகாலம் முடிந்தது.

நான் தேநீர் கொண்டு போனேன். கண் சிவந்திருந்தது. அத்தை அதை வெட்கம் என்று விளக்கினார். எல்லாரும் ஏற்றுக்கொண்டார்கள். குனிந்தபடியே வந்து, குனிந்தபடியே போனேன். அடக்கமான பெண் என்று பெயர் கிடைத்தது. உண்மையில், நிமிர்ந்தால் எங்கே எதைச் சொல்லிவிடுவேனோ என்று பயமாக இருந்தது.

கிளம்பும்போது வாசலில் செருப்புக் குவியல். பெரியவர்கள் காரடியில் நின்று விடைபெற்றுக்கொண்டே இருந்தார்கள். மாப்பிள்ளை ஒற்றைச் செருப்போடு மற்றதைத் தேடினார். அது என் பக்கத்தில் கிடந்தது. எடுக்க வந்தவர் மெதுவாகச் சொன்னார்.

“ஸாரிங்க. அது உங்களோடது, இல்லியா?”

நிமிர்ந்து பார்த்தேன்.

“தம்பியோடதா இருந்தா தம்பிதான் கத்தியிருப்பாரு. அவரு உங்களைச் சொல்லித்தானே பயந்தாரு. எங்க வரைக்கும் போயிருந்தீங்க?”

“கடைசிக் கோட்டை வாசல்,” என்றேன். வெளி ஆண் ஒருவரிடம் நான் வாய் திறந்து பேசிய முதல் பேச்சு அதுதான்.

“ஐயோ,” என்றார். உண்மையாகவே வருத்தப்பட்டார். நல்ல மனிதர். அதில் இன்றும் எனக்குச் சந்தேகம் இல்லை.

“அழிக்கவான்னு கேட்டதைப் படிச்சீங்களா?”

“படிச்சேன்.”

“நோ போட்டிருக்கலாமே.”

அவர் காரடியில் நின்ற தன் அம்மாவைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். “அங்க எப்படிங்க போடுறது?” என்றார்.

அவர் இடத்தில் இருந்திருந்தால் நானும் யெஸ்ஸைத்தான் அழுத்தியிருப்பேன். அழுத்திவிட்டு, பின்னால் செருப்பு தேடும் சாக்கில் மன்னிப்புக் கேட்டிருப்பேன். அவரைப் பார்த்தபோது, விக்காத மீனோடு பாசாரிலிருந்து நடந்து வரும் என்னையே பார்ப்பது போலிருந்தது.

மறுநாளே அவர்கள் சம்மதம் சொல்லி அனுப்பினார்கள். பெட்டியே கேட்டது, பையன் யெஸ் சொன்னான், இதைவிட என்ன சகுனம் வேண்டும் என்று அந்த அம்மாள் பிரிக்ஃபீல்ட்ஸ் முழுக்கச் சொல்லிவிட்டாராம். அத்தை இனிப்போடு வந்தார்.

“உனக்குச் சம்மதம்தானே?” என்று அப்பா கேட்டார். பதிலுக்கு நிற்காமல் சட்டை மாட்டப் போனார். வழக்கமாக நான் எதற்கும் பதில் சொல்வதில்லை. மௌனம் சம்மதம் என்று யாரோ கண்டுபிடித்து வைத்தது எங்கள் வீட்டுக்கு மிகவும் வசதியாக இருந்தது.

அன்று எனக்குப் புரிந்தது ஒன்றுதான். ஒரு வீட்டில் ‘நோ’ போடத் தெரியாதவர் ஒருவர் இருந்தால் சமாளிக்கலாம். புருஷனும் பெண்டாட்டியும் இரண்டு பேருமே அப்படி என்றால், மாமியார் அழிக்கச் சொல்வதை எல்லாம் இரண்டு பேருமாகச் சேர்ந்து அழித்துவிட்டு, ராத்திரியில் ஒருவரிடம் ஒருவர் ஸாரி கேட்டுக்கொண்டிருப்போம்.

“வேணாம்பா,” என்றேன்.

அப்பா ஒரு கையைச் சட்டைக்குள் விட்டபடி நின்றுவிட்டார். அம்மா அடுப்பைக் குறைத்தார். அத்தை இனிப்புப் பெட்டியின் மூடியை மூடினார்.

“ஏன், பையன் கருப்புன்னா?”

“இல்ல.”

“சம்பளம் பத்தலியா?”

“இல்ல.”

“அப்புறம் என்னதான்டி?”

என்ன சொல்வது? அவர் யெஸ் போட்டார் என்றா சொல்ல முடியும்? “வேணாம்,” என்றேன் மறுபடி. முதல் தடவைதான் கஷ்டமாக இருந்தது. இரண்டாவது தானாகவே வந்தது. அத்தை எங்கள் வீட்டில் மூன்று மாதம் கால் வைக்கவில்லை. அந்தப் பெண்ணுக்குத் திமிர் என்று ஊரில் சொன்னார். அடக்கமான பெண் என்ற பட்டம் எனக்கு ஒரு வாரம்கூடத் தங்கவில்லை.

அடுத்த விடுமுறை நாளில் பெட்டியைப் போட்டேன். திரை கறுத்தது. நடுவில் அவருடைய பெயர். இதை அழித்துவிடலாமா, யெஸ், நோ. பாவம், முதல் புல்வெளியைக்கூடத் தாண்டவில்லை அவர்.

“என்னக்கா, கன்டினியூவா?” என்றான் தம்பி, டயர் கடைச் சட்டையோடு வாசலில் நின்று.

“இல்ல. முதல்ல இருந்து.”

யெஸ்ஸை அழுத்தினேன். அதே சின்ன இசை. யாரும் கைதட்டவில்லை. நான்கு எழுத்தையும் போட்டேன். புல்வெளியில் அந்த வௌவால் வந்தது. ஒரு வெட்டு, கொஞ்சம் ஒதுங்கி இன்னொரு வெட்டு. அதை எப்படி அடிப்பது என்று எனக்குத்தான் தெரியுமே.