முன் பக்கம் நின்ற ஊசி

அம்மா பேதி கண்டு இறந்த பிறகு அவள் படுத்திருந்த அறைக்குள் நுழைய யாருக்கும் மனம் வரவில்லை. மாமாதான் அதை எடுத்துக்கொண்டார். மாமா அம்மாவுக்கு ஒரே தம்பி. பட்டணத்தில் பௌதிகம் படித்துவிட்டு, படிப்போடு ஒரு இருமலையும் சம்பாதித்துக்கொண்டு வந்து, பாளையங்கோட்டையில் எங்கள் வீட்டோடு இருந்தார். பகலெல்லாம் கதவைச் சாத்திக்கொண்டு அரத்தால் எதையோ ராவிக்கொண்டிருப்பார். எனக்கு அப்போது ஏழு வயது. கதவைத் தட்டினால் எனக்கு மட்டும் திறப்பார்.

அவர் செய்துகொண்டிருந்தது ஒரு காலங்காட்டி. திசைகாட்டி வடக்கு எது என்று சொல்கிற மாதிரி, இது ஒருவருடைய காலம் பெரும்பாலும் எந்தப் பக்கம் கிடக்கிறது என்று சொல்லும். அந்த ஆள் அணிந்த பொருள் ஏதாவது ஒன்றை நடுவில் வைத்தால் போதும். அம்மா சீராகக் கொண்டுவந்த வெண்கல உருளிதான் அடிப்பாகம். அதில் பாதரசத்தை ஊற்றி, மேலே நீண்ட ஊசி ஒன்றை மிதக்கவிட்டு, சுற்றிலும் செம்புக் கம்பியைச் சுற்றியிருந்தார். விளிம்பில் ஒரு பக்கம் ‘முன்’ என்றும் எதிர்ப்பக்கம் ‘பின்’ என்றும் வெட்டியிருந்தது. வெட்டிக்கொடுத்த வண்ணார்பேட்டைப் பாத்திரக் கன்னார், பாத்திரத்தில் ஆள் பெயர் வெட்டியே பழகியவர், “இது யாரு அண்ணாச்சி, இரட்டைப் பிள்ளையளா?” என்று கேட்டாராம். மாமா அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார். அந்த வீட்டில் அப்போது சிரித்தவர் அவர் ஒருவர்தான்.

ஊசி வழி காட்டிவிட்டால், அந்த வழியே போய்வர ஒரு சக்கரத்தைப் பூட்டுவது அடுத்த வேலை.

“ஒங்க அம்மா அந்தச் செம்பைத் தூக்குததுக்கு முன்னால போயிரணும் ஏட்டி. ஆத்துத் தண்ணிய அப்படியே குடிக்காத, காய்ச்சிக் குடின்னு ஒரு வார்த்தை சொல்லிட்டு வந்துரணும். அவ்வளவுதான்” என்றார்.

“நானும் வருவேன்.”

“நீ இல்லாமலா?”

அந்தப் பதிலைப் பிடித்துக்கொண்டுதான் நான் சாப்பிட்டேன், தூங்கினேன், தலைவாரிக்கொள்ளச் சம்மதித்தேன். அம்மாவிடம் போக வேண்டும். எனக்கு வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை.

ஆனால் ‘முன்’ என்று மாமா வெட்டியது கழிந்துபோன காலத்தை, ‘பின்’ என்று வெட்டியது இனி வரப்போகும் காலத்தை என்பது எனக்குத் தெரியாது. எனக்கு முன் என்றால் நமக்கு முன்னே. அம்மாவை அடக்கம் செய்த அன்று ஜெபம் செய்த உபதேசியார் என் தலையில் கைவைத்து, “அம்மா முன்னால போயிருக்கா. நாமெல்லாம் பின்னால போவோம்” என்று சொல்லியிருந்தார். ஞாயிற்றுக்கிழமை வேதக்கோயிலுக்குப் போகும்போதும் அப்படித்தான். அம்மா விறுவிறுவென்று முன்னே போவாள், நான் பின்னே ஓடுவேன். ஆகவே அவள் எங்கேயோ கொஞ்ச தூரத்தில் நடந்துகொண்டிருப்பதாகவே நினைத்தேன்.

அடைமழை பிடித்த ஒரு நாள், கொக்கிரகுளம் கச்சேரியில் வேலை முடிந்து நனைந்துகொண்டு வந்த அப்பாவை மாமா அறைக்குள் கூப்பிட்டார். அப்பா அதுவரை அந்தப் பக்கம் எட்டிப் பார்த்ததில்லை. மாமா அம்மாவின் தோட்டை நடுவில் வைத்தார். ஊசி தயங்கித் தயங்கித் திரும்பி ‘முன்’ பக்கம் போய் நின்றது. அப்பா ஊசியைப் பார்க்கவில்லை, தோட்டைத்தான் பார்த்தார். எனக்கோ சந்தோஷம் தாங்கவில்லை. உபதேசியார் சொன்னதும் ஊசி சொன்னதும் ஒன்றாக இருந்தது.

அடுத்து என் வளையல். ஊசி ஒரே வீச்சில் ‘பின்’ பக்கம் ஓடி அந்தக் கோடியில் முட்டியது.

“எம்புட்டுத் தூரம் போவுது பாத்தீங்களா அத்தான்” என்று மாமா பூரித்துப்போனார். நான் ஓவென்று அழுதேன். எல்லாருக்கும் கடைசியில் அல்லவா என்னைத் தள்ளிவிட்டது. என் அழுகையை நிறுத்தத்தான் மாமா தன் வெள்ளி மோதிரத்தைக் கழற்றி வைத்தார். ஊசி மறுபடி ‘முன்’ பக்கம் திரும்பியது. அம்மாவின் தோட்டுக்கு நின்ற இடத்துக்கு ஒரு விரல் இப்பால் நின்றது.

“நீங்க அம்மா பக்கத்துலயே போயிட்டீங்க மாமா” என்றேன். பொறாமையாக இருந்தது.

அப்பா இப்போதுதான் குனிந்து ஊசியைப் பார்த்தார்.

“கோளாறா இருக்கும் மாப்பிளே. பாதரசத்தை மாத்திப் பாரும்” என்றார் அப்பா.

“இல்ல அத்தான். சரியாத்தான் வேலை செய்யுது.” மாமா மோதிரத்தைத் துடைத்து விரலில் போட்டுக்கொண்டார்.

அதன் பிறகு அரத்தின் சத்தம் கேட்கவில்லை. சக்கரம் பாதியில் கிடந்தது. எப்போது போகிறோம் என்று தினமும் நச்சரித்தேன். ஒருநாள் மாமா, “நீ இப்பம் வரப்படாது ஏட்டி. பின்னால வா. ரொம்பப் பின்னால வா, என்ன?” என்றார். வாக்குக் கொடுத்துவிட்டு மாற்றுகிற ஆளோடு எனக்கென்ன பேச்சு என்று அன்றே டூ விட்டேன். அவரும் தட்டையும் தம்ளரையும் தனியாக வைத்துக்கொண்டார். கிட்டே போனால் துண்டால் வாயை மூடிக்கொண்டு தள்ளி உட்கார்ந்தார். பெரிய மனிதருக்கும் கோபம் இத்தனை நாள் இருக்குமா என்று எனக்கு ஆச்சரியம்.

கோடையில் மாமா இறந்தார். அம்மாவுக்குப் பக்கத்திலேயே குழி வெட்டியிருந்தார்கள். உபதேசியார் ஜெபத்தை முடித்ததும், அதுவரை பல்லைக் கடித்துக்கொண்டிருந்த என்னால் பொறுக்க முடியவில்லை.

“என்னையும் கூட்டிட்டுப் போறேன்னு சொன்னாகளே. தனியாப் போயிட்டாகளே” என்று கத்தினேன்.

நின்ற பெண்களெல்லாம் வாய்விட்டு அழத் தொடங்கினார்கள். மாமா செய்தது அநியாயம் என்பதை ஊரே ஒப்புக்கொண்டுவிட்டது என்று எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது. அப்பா என்னைத் தூக்கி இறுக்கிக்கொண்டார். அவர் உடம்பு குலுங்கியது. பாவம், அவரையும் யாரும் கூட்டிக்கொண்டு போகவில்லை என்று நினைத்து, நான் அவர் முதுகைத் தட்டிக்கொடுத்தேன்.