உடுப்பைப் பூட்டி வைத்தவர்

முகத்துவாரக் கரையில் வலை இழுக்க இராமநாதபுரப் பக்கத்திலிருந்து கடல் கடந்து ஆட்களைக் கொண்டுவந்த முதலாளி, வந்திறங்கிய அன்றே அவர்களுடைய வேட்டி சட்டையை வாங்கிப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிடுவார். கோவணத்தோடு எவ்வளவு தூரம் ஓட முடியும்? தெருவில் கண்டவர்களே பிடித்துக் கொண்டுபோய் விடுவார்கள். சங்கிலி வாங்கும் செலவும் அவருக்கு மிச்சம்.

அவர்களில் ஒருவன் கொட்டாஞ்சேனையில் எங்கள் வீட்டுப் பின்வாசலுக்கு மீன் கொண்டுவருவான். ஒருநாள் கூடையை இறக்காமலே நின்றான்.

“வீட்டுக்காரி சாகக் கெடக்காளாம்மா. போகணும்னா அடிக்கிறாக. ஒரு வேட்டி சட்டை தந்தீகன்னா போய்ச் சேந்துருவேன்.”

என் கணவர் புதுக்கடையில் ஒரு வக்கீலிடம் கிளாக். உண்மை பேசுவதில் அவரை மிஞ்ச ஆளில்லை. அந்த வாயால் நான் பட்ட பாடு கொஞ்சமல்ல. ஆனால் இரக்கமுள்ள மனுஷன். தன்னுடைய வேட்டி சட்டையும் தலைமன்னார் ரயிலுக்கும் அங்கிருந்து கப்பலுக்கும் காசும் கொடுத்து அவனை அனுப்பிவைத்தார்.

மறுநாள் காலை ஒரு பொலிஸ்காரர் அவனைக் கூட்டிக்கொண்டு வந்தார். பின்னாலேயே முதலாளி. கோட்டை ஸ்டேஷனில் பிடித்திருக்கிறார்கள். சட்டைக் கழுத்தில் டோபி போட்டிருந்த குறியை வைத்து எங்கள் வீட்டைக் கண்டுபிடித்துவிட்டார்கள்.

“மாத்தையா, இது உங்கட சட்டையா? இவன் களவெடுத்ததா?”

“நான்தான் குடுத்தனான். இவன் கள்ளனில்லை,” என்றார் கணவர், நெஞ்சை நிமிர்த்தி. எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

“அப்ப கேஸ் இல்லை.” பொலிஸ்காரர் முதலாளியிடம் திரும்பினார். “உங்கட ஆளைக் கூட்டிக்கொண்டு போங்க.”

அவன் என் பக்கம் குனிந்தான். “களவுன்னு சொல்லிருங்கம்மா. ஜெயில் முடிஞ்சாலாவது கப்பலேத்தி ஊருக்கு அனுப்பிருவாக.”

“ஓம், களவுதான். இவருக்கு ஒண்டும் தெரியாது. கொடியிலை கிடந்ததை எடுத்தவன்,” என்று கத்தினேன். பொலிஸ்காரர் சிரித்தார். நான் கணவரைப் பார்த்தேன். ஒரு பொய், ஒரேயொரு பொய் சொன்னால் போதும். அவர் நிமிர்த்திய நெஞ்சோடே நின்றார்.

முதலாளி மரியாதையாகத்தான் பேசினார். “ஐயாட உடுப்பைக் கழட்டிக் குடுத்துட்டு வாடா.”

எங்கள் வாசல் படலையடியிலேயே அவன் பொத்தான்களைக் கழற்றினான். வேட்டியையும் அவிழ்த்து, இரண்டையும் சேர்த்து நீட்டிக்கொண்டு நின்றான். கணவர் அசையவில்லை. யாராவது வாங்கத்தானே வேண்டும். நான் கையை நீட்டினேன்.