ஆரன் அடிக்காத லாரிகள்

போன வாரம் என் சின்ன மருமகளை ஓசூரில் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போயிருந்தோம். கம்பெனி வேலைக்குப் போகிற பெண், மாசம் நிறைந்துவிட்டது. வயிற்றைச் சுற்றி ஒரு பெல்ட்டைக் கட்டி, பக்கத்திலிருந்த பெட்டியின் சுவிட்சைத் தட்டினார்கள். அறை முழுக்கக் குதிரை ஓடுகிற மாதிரி சத்தம். குழந்தையின் நெஞ்சுத் துடிப்பாம். போனில் பேசிக்கொண்டிருந்த என் மகனைப் பார்த்து நான் வாயில் விரல் வைத்தேன். நர்ஸ் பெண் சிரித்துவிட்டாள்.

"பேசலாம் பாட்டி. ஊரே கத்துனாலும் மெஷினுக்குக் கேக்கும்."

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. ஆனாலும் விரலை எடுக்க மனசு வரவில்லை, பாருங்கள். வயிற்றில் தடவியிருந்த களிம்புக்கு வாசனையே இல்லை. அந்தக் காலத்தில் இதே துடிப்பைக் கேட்க நாங்கள் வைத்திருந்த குழலுக்கு டெட்டால் வாசனை உண்டு.

குருபரப்பள்ளியில் பெரிய ரோட்டை ஒட்டி ஒரு சின்னப் பிரசவ ஆஸ்பத்திரி இருந்தது. அங்கே நான் ஆயா. பேரிகையிலிருந்து வந்தவள், ஐந்தாவது படித்தவள், மருந்துப் பாட்டிலில் பேர் வாசிப்பேன். வாய்தான் திறக்காது. கடையில் உப்பு வாங்கப் போனாலும், வந்தவர்கள் எல்லாரும் வாங்கிப் போகட்டும் என்று ஓரமாக நிற்கிற ரகம்.

நர்சம்மா நாகர்கோவில்காரர். சின்னப் புனல் மாதிரி ஒரு மரக்குழல் வைத்திருந்தார். அகன்ற வாயை வயிற்றில் வைத்து, மறுமுனையில் காதை வைத்துக் கண்ணை மூடிக்கொள்வார். ஒரு தடவை என்னையும் கேட்க வைத்தார். எங்கோ தூரத்தில் யாரோ அவசர அவசரமாகத் துணி துவைப்பது போல இருந்தது. அன்று முழுக்க அந்தச் சத்தம் என் காதை விட்டுப் போகவில்லை.

சங்கடம் என்னவென்றால் ரோடு. ஒரு லாரி போனால் கட்டில் அதிரும். போகட்டும் என்று காத்திருந்து இடைவெளியில் கேட்போம். பிரசவ வலியிலோ ஒவ்வொரு வலியும் தணிந்த கையோடு கேட்டாக வேண்டும். அப்போது துடிப்பு தொய்ந்து போனால், உள்ளே பிள்ளைக்கு மூச்சு பத்தவில்லை என்று அர்த்தம்.

ஜைத்தூன் வந்தது ஒரு சந்தை நாள் மத்தியானம். எதிர்ப்பக்கம் பஞ்சர் கடை வைத்திருந்த பாயின் பெண்சாதி. அவளுக்கு முதல் பிள்ளை வயிற்றிலேயே போயிருந்தது. என் கையைப் பிடித்துக்கொண்டாள். "அக்கா, இதுவாச்சும் இருக்குதான்னு கேட்டுச் சொல்லச் சொல்லுக்கா."

நர்சம்மா குழலை வைக்கிறார், லாரி வருகிறது. எடுத்து மறுபடி வைக்கிறார், அதற்குள் இன்னொன்று. சந்தை நாளாதலால் லாரி வரிசை அறுபடவே இல்லை. இரண்டு வலி வந்து போய்விட்டது. அவர் முகம் வெளுத்தது.

"ஏட்டி, போயி அந்த லாரிய நிறுத்துட்டி. ஒண்ணும் கேக்க மாட்டேங்கு."

என்னையா? நான் போனேன். எப்படிப் போனேன் என்று இன்றைக்கும் தெரியவில்லை. கனவில் நடப்பது மாதிரி ரோட்டு நடுவில் நின்று இரண்டு கையையும் தூக்கினேன். தக்காளி இறக்கிவிட்டு வந்த காலி லாரி ஒன்று உறுமிக்கொண்டு என் முன்னால் நின்றது.

"யாக்கம்மா, சாயோக்கே பந்தியா?" சாக வந்தாயா என்று கன்னடத்தில் டிரைவர் கேட்டார். எனக்கு எந்தப் பாஷையும் வரவில்லை. ஒரு கையை வயிற்றில் வைத்தேன், ஒரு விரலை வாயில் வைத்தேன். அவர் என் ஒட்டிய வயிற்றைப் பார்த்துக் குழம்பினார். ஆஸ்பத்திரி ஜன்னலைக் காட்டினேன். உடனே எஞ்சினை நிறுத்திவிட்டு இறங்கி, பின்னால் நின்ற லாரிகளுக்கும் கையைக் காட்டினார். எதிர்ப்பக்கம் வந்தவற்றை பாய் நிறுத்தினார். ஒவ்வொன்றாக எஞ்சின்கள் அடங்கின.

"வாயில்லாப் புள்ளைன்னு நெனச்சேன். ரோட்டையே வாங்கிட்டியேமே" என்ற டீக்கடைக்காரரும் ரேடியோவை அணைத்தார்.

அப்படி ஓர் அமைதியை அந்த ரோட்டில் நான் கேட்டதில்லை. புளிய மரத்தில் காற்று. சூடு தணிகிற எஞ்சினில் டிக் டிக். ரோடு ஏதோ தண்ணீருக்கு அடியில் போய்விட்டது போல இருந்தது.

ஜன்னலிலிருந்து நர்சம்மா குரல் வந்தது. "இருக்கு. ஆனா தொய்யுது. வண்டி வேணும்."

'இருக்கு' என்ற சொல்லுக்கே உள்ளே ஜைத்தூன் அழுதுவிட்டாள். டிரைவர் லாரியின் பின்கதவை இறக்கினார். "ஹத்ஸி, ஹத்ஸி." ஏற்றுங்கள் என்கிறார். வைக்கோல் மேல் கோரைப்பாய் விரித்து, தக்காளி வாசனையோடு கிருஷ்ணகிரி பெரிய ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தோம். ஆபரேஷன். பெண் குழந்தை. முதலில் அழவில்லை. பிறகு விடாமல் அழுதது.

சேதி எப்படியோ லாரிக்காரர்களிடம் பரவிவிட்டது. அதன் பிறகு எங்கள் ஆஸ்பத்திரி வந்தால் வேகத்தைக் குறைப்பார்கள். வாசலில் நான் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தால், தலையை நீட்டி, வயிற்றைத் தட்டிக்காட்டி, யாராவது இருக்கிறார்களா என்று சைகையில் கேட்பார்கள். இருக்கிறார்கள் என்றால் பூனை மாதிரி உருட்டிக்கொண்டு போவார்கள். இல்லை என்று தலையாட்டினால் போதும், சேர்த்துவைத்து ஒரு ஆரன் அடிப்பார்கள் பாருங்கள், டீக்கடை கிளாஸெல்லாம் ஆடும். பேசத் தெரியாத எனக்கு அந்த ரோடு முழுக்கப் பழக்கமாகிவிட்டது.

இப்போது ரோடு அகலமாகிவிட்டது. ஆஸ்பத்திரி இருந்த இடத்துக்கு மேலே பாலம். வண்டியெல்லாம் தலைக்கு மேலே போகிறது. போன மாதம் பஸ்ஸுக்காகக் கீழே நின்றபோது அண்ணாந்து பார்த்தேன். சக்கரச் சத்தம்தான் வருகிறது. ஓட்டுகிறவர் முகம் தெரிவதில்லை.