அப்பா மயங்கட்டும் என்று காத்திருந்தேன்

"காவிரியைத் தாண்ட மாட்டேன்" என்றுவிட்டார் அப்பா!

நண்பர்களே, போன வாரம் எங்கள் வீட்டில் நடந்தது இது. எனக்கு இன்னும் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை.

காலையிலிருந்தே அப்பாவுக்குக் கடும் வயிற்றுவலி. திருச்சியிலிருந்து டாக்டர் வந்து பார்த்தார்.

"குடல் முறுக்கிக்கிட்டிருக்கு. இன்னைக்கே ஆஸ்பத்திரியில ஆபரேஷன் பண்ணணும். பண்ணினா பிழைக்கலாம்."

ஆஸ்பத்திரி ஆற்றுக்கு அந்தப் பக்கம். அப்பாவோ, ரிடையரானதும் இனி ஸ்ரீரங்கத்தைவிட்டு வெளியே கால் வைப்பதில்லை என்று பெருமாள் முன்னால் சங்கல்பம் செய்துகொண்டவர். (நான் பொன்மலை வொர்க்‌ஷாப்புக்குத் தினமும் சைக்கிளில் ஆற்றைத் தாண்டிப் போகிறேன். என் பெருமாள் அங்கேதான் சம்பளம் கொடுக்கிறார்!)

"ஏன்னா, போயிட்டு வந்துடலாமே! பெருமாள் கோச்சுக்க மாட்டார்" என்று அம்மா அழுதாள்.

"என் உசிர் ரங்கத்துலதான் போகணும்" என்றார் அப்பா, தெளிவாக.

டாக்டர் என்னைத் தனியே அழைத்தார். "அவர் வேண்டாம்னா நான் தொட மாட்டேன். மயங்கிட்டார்னா உங்களைத்தான் கேப்பேன். சாயங்காலம் வரேன்."

பக்கத்து வீட்டு வக்கீலிடம் ஓடினேன்.

"மயங்கினவரை நல்லெண்ணத்தோட காப்பாத்தினா கேஸ் நிக்காது ஓய்."

"முன்னாடியே வேண்டாம்னுட்டாரே, அது?"

"அதைப் பத்தி புஸ்தகத்துல ஒண்ணும் காணலை!"

(இதற்கா சட்டம் படித்தார்!)

ஜட்காவை வாசலில் நிறுத்திவிட்டு, அப்பா மயங்கட்டும் என்று பெருமாளை வேண்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். எனக்கே வெட்கமாக இருந்தது.

அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது. கண்ணை மூடவே இல்லை! பல்லைக் கடித்துக்கொண்டு பாசுரம் சொல்லிக்கொண்டே கிடந்தார்.

சாயங்காலம் என் கையைப் பிடித்தார்.

"வாசல்ல வண்டி நிக்கறது, தெரியும்டா. ரொம்ப அசதியா இருக்கு. செத்த நேரம் கண்ணை மூடிக்கட்டுமா? தூக்கிண்டு போயிட மாட்டியே?"

"மாட்டேம்ப்பா."

மூடிக்கொண்டார்.

டாக்டர் வந்து நிலைப்படியிலேயே நின்றார். "தூக்கமா, மயக்கமா? நான் தொட்டுப் பாத்தா மயக்கம்னுதான் சொல்வேன். நீங்க சொல்லுங்க."

கூப்பிட்டுப் பார்த்திருக்கலாம். தோளை உலுக்கியிருக்கலாம். நான் இரண்டும் செய்யவில்லை.

"தூங்கறார் டாக்டர்" என்றேன்.

வண்டி திரும்பிப் போயிற்று. அப்பா எழுந்திருக்கவே இல்லை.

"ஆசைப்பட்டபடியே போனார், பாக்கியசாலி!" என்கிறார்கள் வந்தவர்களெல்லாம்.

அம்மா மட்டும் நேற்றுக் கேட்டாள்: "ஒரு தடவை எழுப்பிப் பாத்திருக்கப்படாதாடா?"

சொல்லுங்களேன், அவளுக்கு நான் என்ன பதில் சொல்வது?