செங்கல்சூளைச் சேறு

பிரபுவின் மாளிகையில் அவனுக்குப் பெயர் பூனை. நடந்தால் சத்தமே வராது என்று சமையல்காரி வைத்த பெயர். பூட்ஸ் துடைக்கிறவன், கோட்டு மாட்டிவிடுகிறவன் என்றுதான் எல்லோரும் நினைத்திருந்தார்கள். உண்மையில் அவன் உளவுத்துறை ஆள்.

அனுப்பும்போதே அதிகாரி கறாராகச் சொல்லியிருந்தார்: "சதிக்காரங்க செங்கல்சூளைப் பக்கம் கூடறாங்க. பிரபுவும் அதுல உண்டுன்னு சந்தேகம். ஒரு தடயம் கொண்டு வா. அதுவரைக்கும் வீட்டுப் பக்கம் தலைகாட்டாதே."

வீட்டில் இருந்தது அக்கா மட்டும். தாய் போனபின் அவனைத் தூக்கி வளர்த்தவள். இப்போது நெஞ்சுச்சளி கட்டிப் படுத்த படுக்கை. அவளை உயிரோடு பார்ப்போமா என்பதே அவனுக்கு நாள் முழுக்க நினைப்பு.

எட்டு மாதம் கண்கொத்திப் பாம்பாகக் கவனித்தான். பிரபு படிப்பார், தோட்டத்தில் நடப்பார், பட்டன் போட மறப்பார். இதையா எழுதி அனுப்புவது?

ஒருநாள் கோட்டு மாட்டும்போது, "ஏம்பா, முகம் வாடிக் கெடக்கு?" என்றார் பிரபு.

"அக்காவுக்கு முடியலைங்க. செங்கல்சூளைக்குப் பின்னாடி வீடு."

வாய்தவறி உண்மையைச் சொல்லிவிட்டான். உளவாளி செய்யக்கூடாத முதல் தப்பு. பிரபு "ம்" என்றதோடு சரி. நல்லவேளை, மறந்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டான்.

அப்புறம்தான் தடயம் கிடைத்தது. வியாழக்கிழமை பிரபு வண்டியை விட்டுவிட்டு நடந்தே வெளியே போனார். மறுநாள் காலை பூட்ஸைக் கவிழ்த்தால் அடியில் சிவப்புச் சேறு. பிறந்ததிலிருந்து மிதித்த சேறு அவனுக்குத் தெரியாதா? மூன்று வாரம் பார்த்தான், எழுதிக் கொடுத்தான். வீட்டுக்குப் போகும் ஆசை கண்ணை மறைத்துவிட்டது, பாவி.

காவலர்கள் வந்த காலையிலும் பூட்ஸ் மாட்டிவிட்டவன் அவன்தான். கயிற்று முடிச்சு இரண்டு தடவை நழுவியது.

"மெதுவாக் கட்டுப்பா," என்றார் பிரபு.

"சூளைப் பக்கம் யாரைப் பாக்கப் போனீங்க?" என்று அதிகாரி கேட்டார்.

"சொல்ல மாட்டேன். அவங்களை இதுல இழுக்க வேண்டாம்."

பிரபுவைக் கைது செய்து கொண்டுபோனார்கள். மத்தியானமே பூனை வீட்டுக்கு ஓடினான். அக்கா எழுந்து உட்கார்ந்திருந்தாள். தலைமாட்டில் மருந்துப் புட்டிகள்.

"யாருக்கா வாங்கிக் குடுத்தா?"

"உன் மொதலாளிதான்டா. டாக்டரைக் கூட்டிக்கிட்டு மூணு வியாழக்கிழமை வந்தாரு. உன்கிட்ட சொல்ல வேண்டாம்னாரு, நீ கூச்சப்படுவியாம்."

வந்த வழியே அலுவலகத்துக்கு ஓடினான். அதிகாரியின் காலில் விழுந்து நடந்ததைச் சொன்னான். அவர் காகிதத்திலிருந்து தலைதூக்கவில்லை.

"இப்ப வந்து உளறாதே. நீ எழுதினதுதான் சாட்சி. கையெழுத்தும் உன்னோடது."

அன்று அழுத அழுகையை அவன் அதற்குமுன் அழுததில்லை. அக்காவிடம் மட்டும் வாய் திறக்க முடியவில்லை.

அடுத்த வியாழக்கிழமை அக்கா தானே எழுந்து வாசல் பெருக்கினாள். சேற்றின்மேல் ஒரு பலகை போடச் சொன்னாள்.

"அவரு பூட்ஸெல்லாம் பாழாகுதுடா. தொடைக்கிறவன் நீதானே."

அவன் பலகையைக் கொண்டுவந்து போட்டான்.