செவலை பார்த்த பார்வை

என் தாய்மாமனுக்குக் கோடம்பாக்கத்தில் சினிமா வேலை என்று தெரிந்ததும் நகரிப் பக்கத்து ஜனங்கள் அவரிடம் கேட்டதெல்லாம் ஒன்றுதான். “கதாநாயகி கூட பேசிக்கீறியா?” பாவம், மாமா கதாநாயகியை நேரில் பார்த்ததே இல்லை. ஜன்னல் இல்லாத ஓர் அறையில் வெள்ளைக்காரத் துரை ஒருவருக்குப் பக்கத்தில் நின்று, அவர் வெட்டிப்போடும் பிலிமை ஒட்டிக் கொடுப்பதுதான் அவருடைய உத்தியோகம்.

துரையைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் மாமாவுக்குச் சோறு தண்ணீர் வேண்டாம். லண்டனில் பிலிம் டப்பா தூக்கும் வேலையில் சேர்ந்தவராம். யுத்தத்தின்போது பட்டாளத்துக்காகப் படம் வெட்டினாராம். மற்ற வெள்ளைக்காரர்கள் கப்பலேறிய பிறகும் இங்கேயே தங்கிவிட்டாராம். தமிழும் வராது, தெலுங்கும் வராது. முகங்களைப் பார்த்தே எதை எங்கே சேர்ப்பது என்று முடிவு செய்துவிடுவாராம். படத்தின் தொடக்கத்தில் அவர் பெயர் வந்து மறைகிற நேரத்தில் ஜனங்கள் உட்கார இடம் தேடிக்கொண்டிருப்பார்கள். எனக்கோ அவர்மேல் சாமிக்கு அடுத்தபடி பயபக்தி.

அந்தத் துரையின் கைக்கு எங்கள் வீட்டு மாடே போய்ச் சேர்ந்தது. மலையடிவாரத்தில் படமெடுக்க வந்தவர்களுக்கு ஒரு வண்டிமாடு தேவைப்பட்டது. நைனா, அதாவது என் அப்பா, எங்கள் செவலையை ஓட்டிக்கொண்டு போனார். பெண்பிள்ளைக்கு அங்கே என்ன வேலை என்று அம்மா தடுத்தும் நானும் தொற்றிக்கொண்டேன். வண்டி ஓட்டமெல்லாம் எடுத்தார்கள். பிறகு மாட்டைத் தனியாக நிறுத்தியபோது அது மிரண்டு மிரண்டு விலகியது. கடைசியில் நைனா தவிட்டுக் கூடையோடு கேமராவை ஒட்டி நின்று நாக்கைச் சொடுக்கினார். செவலை தலையைத் திருப்பி அவரையே பார்த்தது. அதோடு வேலை முடிந்துவிட்டது.

படம் வருவதற்குள் செவலைக்கு அடைப்பான் நோய் கண்டது. காலையில் கழனிக்குப் போன மாடு பொழுது சாய்வதற்குள் செத்துப்போயிற்று. நைனா அழவில்லை, தொழுவத்துப் பக்கம் போவதை மட்டும் நிறுத்திக்கொண்டார். வேறு மாடு பார்க்கலாம் என்று அம்மா சொன்னால் எழுந்து வெளியே போய்விடுவார். அது எல்லைத் தகராறு நடந்த காலம். நாம் ஆந்திராவிலேயே இருப்போமா, மெட்ராஸோடு சேருவோமா என்று டீக்கடையில் ஆளுக்கு ஆள் சட்டையைப் பிடித்துக்கொண்டார்கள். நைனாவுக்கு எதுவும் காதில் ஏறவில்லை. மாமா ஊருக்கு வந்தபோது அவரிடம் நைனா ஒன்றே ஒன்று கேட்டார்.

“மச்சான், நம்ம செவல படத்துல வருதா?”

மாமா தலையைச் சொறிந்தார். “வண்டி ஓடற சீன மொத்தமா தூக்கிட்டாங்க மாமா. நான் ஒட்டனதுல செவல இல்ல. மீதிய துரையே கையில வச்சிக்கினு கீறாரு. போய்ப் பாத்தாதான் தெரியும்.”

புத்தூர் கொட்டகைக்குப் படம் வந்தது. அதுவரை சினிமாவே பார்த்திராத நைனா வெளுத்த வேட்டி கட்டிக்கொண்டு எங்களைப் பகலாட்டத்துக்கு அழைத்துப் போனார். பாட்டு வந்தது, சண்டை வந்தது, மாடு வரவில்லை. நைனாவின் முகத்தைப் பார்க்கவே எனக்குப் பயமாக இருந்தது. கதாநாயகியைப் பிறந்த வீட்டிலிருந்து துரத்தினார்கள். அவள் வாசலைத் தாண்டி நின்று ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். அடுத்த கணம் திரை முழுக்கச் செவலை.

காது ஆடியது. தலை மெல்லத் திரும்பியது. அந்தப் பெரிய கண் ஈரமாக இருந்தது. கொட்டகையே விசும்பியது. டீக்கடையில் சட்டையைப் பிடித்துக்கொண்டவர்கள்கூடப் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து மூக்கைச் சிந்தினார்கள். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. தவிட்டுக்குத் திரும்பிய தலையை ஒரு பெண்ணின் துக்கத்துக்குத் திருப்பி வைத்துவிட்டாரே இந்த மனிதர் என்று மலைத்துப்போனேன்.

“நைனா, அந்தப் பொண்ணுக்காக நம்ம செவல அழுவுது பாரு” என்றேன்.

“அந்தப் பொண்ண எங்க பாக்குது? என்னத்தான் பாத்துக்கினு கீது” என்றார் நைனா.

இவருக்குச் சினிமா பார்க்கவே தெரியவில்லையே என்று எனக்கு வெட்கமாகப் போயிற்று. வெட்டுவதையும் ஒட்டுவதையும் பற்றி மாமா சொன்னதையெல்லாம் பஸ்ஸில் வரும்போது அவருக்கு விளக்கினேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

மறுநாளும் நைனா புத்தூர் பஸ் ஏறினார். அதற்கு மறுநாளும் போனார். அம்மா ஒரு வார்த்தை கேட்காமல் கட்டுச்சோறு கட்டிக் கொடுத்தாள். நான் அழுது பார்த்தும் அழைத்துப் போகவில்லை. கொட்டகையில் படம் மாறும்வரை இது நடந்தது.

மாமா அடுத்த தடவை வந்ததும் முதல் வேலையாகப் புகார் சொன்னேன். “நைனாவுக்கு சினிமா பைத்தியம் புடிச்சிக்கிச்சி மாமா. தெனமும் போய் தரை டிக்கெட்டுல, எல்லாருக்கும் முன்னால, திரைக்கு நேரா கீழ குந்திக்கினு இருந்தாராம். அங்கேர்ந்து பாத்தா என்னா தெரியும்?” மாமா சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். அவர் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். நல்ல படத்தைப் போய் இவ்வளவு கிட்டத்தில் உட்கார்ந்து பாழாக்கிக்கொண்டாரே என்று நான் பல நாள் அங்கலாய்த்துக்கொண்டிருந்தேன்.